பழைய குற்றமும் இன்றைய அபாயமும்: சஸ்பென்ஸ் நாவல்கள் குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சஸ்பென்ஸ் நாவல்களில் எப்போதும் ஒரு பழைய குற்றம் ஒளிந்திருப்பது ஏன்?

நடந்த அன்றே பிடிபட்டுவிடும் குற்றம் செய்தித்தாளில் நான்கு வரிகளோடு முடிந்துவிடும். அதே குற்றம் இருபது ஆண்டுகள் மறைந்திருந்தால், அந்த மறைவின் மேல் ஒரு முழு வாழ்க்கை எழும்பிவிடுகிறது: திருமணம், தொழில், ஊரில் நல்ல பெயர், ஒன்றும் அறியாத பிள்ளைகள். உண்மை வெளிவந்தால் இவ்வளவும் சரியும். ஆகவே முதல் குற்றத்தைக் கோபத்திலோ பேராசையிலோ செய்தவர், இரண்டாவது குற்றத்தை அச்சத்தில் செய்கிறார். நாவலின் நிகழ்காலத்தில் கதாநாயகியைத் துரத்தும் அபாயம் பெரும்பாலும் அந்த இரண்டாவது குற்றம்தான்.

ஒரு சஸ்பென்ஸ் நாவலை எடைபோட எனக்கு ஒரே கேள்வி போதும்: பழையது வெளியே தெரிந்தால் யாருக்கு என்ன நஷ்டம்? இதற்குத் தெளிவான விடை இல்லாத நாவலில் அத்தியாயத்துக்கு ஒரு பிணம் விழுந்தாலும் பதற்றம் பிறப்பதில்லை.

துப்பறியும் கதைக்கும் சஸ்பென்ஸ் கதைக்கும் என்ன வேறுபாடு?

துப்பறியும் கதை 'செய்தது யார்' என்று கேட்கிறது. சஸ்பென்ஸ் கதை 'இனி என்ன ஆகும்' என்று கேட்கிறது. முன்னதில் வாசகர் துப்பறிபவரைவிடக் குறைவாக அறிந்திருப்பார். பின்னதில் கதாபாத்திரத்தைவிட அதிகமாகவே அறிந்திருக்கக்கூடும். பாட்ரீசியா ஹைஸ்மித் 1955-இல் எழுதிய ரிப்ளி நாவலில் கொலையாளியின் தோளுக்குப் பின்னால் நின்றே நாம் கதை முழுவதையும் பார்க்கிறோம். யார் என்ற கேள்விக்கே அங்கே இடமில்லை. இன்றைய நாவல்கள் பலவும் இரண்டையும் கலக்கின்றன என்பதால், இந்தப் பிரிவினையை அளவுக்கு மீறிப் பிடித்துக்கொள்ளத் தேவையில்லை.

இந்த மரபு எங்கே தொடங்கியது?

குடும்ப இரகசியத்தை மையமாக வைத்த சஸ்பென்ஸ் நாவல், 1860-களின் இங்கிலாந்தில் வார, மாத இதழ்த் தொடர்கதைகளாகப் பெருகியது. வில்கி காலின்ஸ், மேரி எலிசபெத் பிராடன் ஆகியோர் அதன் முன்னோடிகள். பாழடைந்த கோட்டையிலும் நள்ளிரவுக் கல்லறையிலும் இருந்த திகிலை அவர்கள் நடுத்தர வர்க்கத்து வரவேற்பறைக்குள் கொண்டுவந்தார்கள். அதே காலத்தில் நடந்த ஓர் உண்மை வழக்கு அந்த அச்சத்துக்கு உருவம் கொடுத்தது.

1860 ஜூன் 29-ஆம் தேதி இரவு, வில்ட்ஷயர் பகுதியில் ரோட் ஹில் என்னும் வீட்டில், தொழிற்சாலை ஆய்வாளர் சாமுவேல் கென்ட்டின் மூன்று வயது மகன் படுக்கையிலிருந்து காணாமல் போனான். மறுநாள் காலை தோட்டத்துக் கழிப்பறையில் கழுத்து அறுக்கப்பட்ட நிலையில் அவனுடைய உடல் கிடைத்தது. வீடு இரவு முழுவதும் பூட்டப்பட்டிருந்ததால் கொலையாளி உள்ளேயே இருந்தாக வேண்டும். லண்டனிலிருந்து வந்த ஜாக் விச்சர் என்னும் துப்பறியும் அதிகாரி, சாமுவேலின் முதல் மனைவிக்குப் பிறந்த பதினாறு வயது கான்ஸ்டன்ஸ் மீது ஐயம் கொண்டார். முதல் மனைவி மனநோயாளி என்று ஒதுக்கப்பட்டவர். இரண்டாவது மனைவியோ அந்த வீட்டில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித்தர வந்தவர். விச்சரின் கையில் இருந்த ஒரே தடயம், இருக்க வேண்டிய ஓர் இரவு உடை இல்லாமல் போனது என்பதுதான். சாட்சியம் போதாமல் கான்ஸ்டன்ஸ் விடுவிக்கப்பட்டார். கனவான் வீட்டுப் பெண்மீது ஒரு சாதாரணப் போலீஸ்காரர் கைவைப்பதா என்று பத்திரிகைகள் கொதித்தன. விச்சரின் புகழ் அத்துடன் மங்கியது.

ஐந்து ஆண்டுகள் கழித்து, 1865-இல், கான்ஸ்டன்ஸ் தாமாகவே வந்து குற்றத்தை ஒப்புக்கொண்டார். மரண தண்டனை ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது. இருபது ஆண்டுகள் சிறையில் இருந்து 1885-இல் வெளிவந்தவர், ஆஸ்திரேலியாவுக்குச் சென்று வேறு பெயரில் செவிலியராகப் பணியாற்றி, 1944-இல் நூறு வயதில் இறந்தார். அவரிடம் சிகிச்சை பெற்ற எவருக்கும் அவர் யார் என்று தெரியாது. கறை படிந்த இரவு உடையைத் தேடும் படலத்தைக் காலின்ஸ் 1868-இல் தம் நாவலொன்றில் எடுத்தாண்டார். எனக்கு அந்த உடையைவிட ஆஸ்திரேலிய ஆண்டுகளே பெரிய கதையாகப் படுகின்றன. அந்த வாழ்க்கையை எழுதப் புகுந்தால், கொலையை முதல் பக்கத்திலேயே சொல்லிவிட்டாலும் சஸ்பென்ஸ் குறையாது.

முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு ஒருவரைக் கொலைக்காகத் தண்டிக்க முடியுமா?

இந்தியாவில் முடியும். வழக்குத் தொடுப்பதற்கான காலவரம்பு, மூன்று ஆண்டுகள் வரை சிறைத்தண்டனை விதிக்கத்தக்க சிறிய குற்றங்களுக்கே பொருந்தும். கொலைக்கும் கொள்ளைக்கும் அது கிடையாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் சட்டங்களிலும் இந்நிலை மாறவில்லை. எனவே 'இன்னும் ஒரு வாரம் ஒளிந்திருந்தால் சட்டம் என்னைத் தொட முடியாது' என்று ஒரு தமிழ்நாட்டுக் கொலையாளி பேசும் வசனம் சட்டப்படி தவறு.

அந்த வசனம் ஜப்பானியக் கதைகளிலிருந்து வந்திருக்க வேண்டும். அங்கே கொலைக்குப் பதினைந்து ஆண்டுகள் என்று காலவரம்பு இருந்தது. 2005 முதல் அது இருபத்தைந்து ஆண்டுகளாக நீட்டப்பட்டது. 2010-இல், மரண தண்டனைக்குரிய கொலைகளுக்கு அது முழுவதுமாக நீக்கப்பட்டது. தென்கொரியா 2015-இல் அதே வழியில் சென்றது. காலக்கெடு முடியும் நாளை நோக்கிக் காவலரும் குற்றவாளியும் ஒருசேர நாள்காட்டியைக் கிழிக்கும் கதைகள் அந்தச் சட்டத்தின் பிள்ளைகள். இன்று அவற்றைப் படிப்பவர்கள் கதை நடக்கும் ஆண்டை முதலில் பார்த்துக்கொள்வது நல்லது.

இதையொட்டி எழும் இன்னொரு ஐயம்: விடுதலையான பிறகு 'நான்தான் கொன்றேன்' என்று ஒருவர் சிரித்தால் என்ன செய்வது? இந்தியாவில் ஒரு விடுதலைத் தீர்ப்பு மேல்முறையீடுகளைக் கடந்து இறுதியாகிவிட்டால், அதே குற்றத்துக்காக அவரை மீண்டும் விசாரிக்க முடியாது. இங்கிலாந்தில் 2003-ஆம் ஆண்டுச் சட்டம், புதிய வலுவான ஆதாரம் கிடைத்தால் கொலை போன்ற கடுங்குற்றங்களில் மறுவிசாரணைக்கு வழிவிட்டது.

காணாமல் போன கணவர் பல ஆண்டுகள் கழித்துத் திரும்பும் கதைகளில் 'ஏழு ஆண்டு' என்று வருகிறதே, அது என்ன?

ஒருவர் உயிரோடு இருந்தால் அவரைப் பற்றி இயல்பாகத் தெரிந்திருக்க வேண்டியவர்களுக்கு ஏழு ஆண்டுகளாக எந்தத் தகவலும் இல்லையென்றால், அவர் உயிருடன் இருக்கிறார் என்று சொல்பவரே அதை நிரூபிக்க வேண்டும் என்பது சாட்சியச் சட்டத்தின் விதி. இது ஓர் அனுமானம் மட்டுமே. எந்த நாளில் இறந்தார் என்பதை அது சொல்வதில்லை. சொத்து, காப்பீடு, மறுமணம் மூன்றும் இந்த இடைவெளியில் சிக்கிக்கொள்வதால், கதாசிரியருக்கு இங்கே கிடைக்கும் இடம் பெரிது.

இத்தனை காலம் கழித்து என்ன தடயம் மிஞ்சியிருக்கும்?

கதைகளில் வரும் அளவுக்கு மிஞ்சாது. ஆனால் நாற்பது ஆண்டுகளுக்கு முன் எழுதியவர்கள் கற்பனை செய்ததைவிட அதிகமாக மிஞ்சும். லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரீஸ் 1984-இல் டி.என்.ஏ. அடையாள முறையைக் கண்டறிந்தார். அதே வட்டாரத்தில் 1983-லும் 1986-லும் இரண்டு சிறுமிகள் கொல்லப்பட்டிருந்தனர். அந்த முறை முதலில் செய்த காரியம், ஒரு கொலையை ஒப்புக்கொண்டிருந்த பதினேழு வயது இளைஞர் குற்றமற்றவர் என்று காட்டியதுதான். பிறகு சுற்றுவட்டார ஆண்கள் ஆயிரக்கணக்கானோரிடம் மாதிரி எடுத்தபோது, உண்மைக் கொலையாளி காலின் பிட்ச்ஃபோர்க் தமக்குப் பதிலாக உடன் வேலை செய்தவரை அனுப்பிவைத்தார். அந்த நபர் மதுக்கூடத்தில் வாய்விட்டது ஒருவர் காதில் விழ, 1988-இல் தண்டனை உறுதியானது. அறிவியல் வலையை விரித்தது; மீன் விழுந்தது வம்புப் பேச்சில்.

2018-இல் கலிஃபோர்னியாவில் நடந்தது இன்னும் விசித்திரம். 1970-களிலும் 80-களிலும் தொடர் வன்கொடுமைகளும் கொலைகளும் செய்து தப்பியவரை, பாதுகாத்து வைக்கப்பட்டிருந்த பழைய மாதிரியைக் கொண்டு தேடினார்கள். குற்றவாளிகள் பட்டியலில் அவர் இல்லை. குடும்ப வேர்களைத் தேடும் பொதுமக்கள் தங்கள் டி.என்.ஏ. விவரங்களைப் பதிந்துவைத்திருந்த தரவுத்தளம் ஒன்றில் அவருடைய தூரத்து உறவினர்கள் அகப்பட, வம்சாவளியை வரைந்து ஜோசப் டிஏஞ்சலோவை நெருங்கினார்கள். அவர் ஒரு முன்னாள் போலீஸ்காரர். 2020-இல் பதின்மூன்று கொலைகளை ஒப்புக்கொண்டார்.

இது சஸ்பென்ஸ் நாவலுக்குப் புதிய அச்சம் ஒன்றைத் தந்திருக்கிறது. இரகசியம் காப்பவர் எவ்வளவு கவனமாக வாழ்ந்தாலும், முகம் பார்த்திராத ஒன்றுவிட்ட உறவினர் ஆர்வத்தில் எச்சில் மாதிரி அனுப்பினால் கதை முடிந்தது. அதேசமயம் வெப்பமும் ஈரமும் மாதிரிகளைச் சிதைக்கும் என்பதையும், மாதிரியை முறையாகச் சேமித்துவைத்த ஒருவர் எங்கோ இருந்திருக்க வேண்டும் என்பதையும் கதாசிரியர்கள் மறந்துவிடுகிறார்கள்.

தலையில் அடிபட்டு மறந்தவை மீண்டும் அடிபட்டதும் திரும்பிவருமா?

வராது. மூளைக்காயத்தால் நேரும் மறதி பெரும்பாலும் விபத்தையொட்டிய நேரத்தையும், அதற்குப் பின் புதியவற்றை நினைவில் பதிக்கும் திறனையும் பாதிக்கிறது. தன் பெயரையே மறந்து, மற்றதெல்லாம் நன்றாக இருப்பது மிக அரிது. இரண்டாவது அடி, முதல் அடியின் சேதத்தைக் கூட்டவே செய்யும்.

சிறுவயதில் கண்ட கொலை பல ஆண்டுகள் மறைந்திருந்து திடீரென நினைவுக்கு வருவது இதைவிடச் சிக்கலானது. 1969-இல் கலிஃபோர்னியாவில் கொல்லப்பட்ட ஒரு சிறுமியின் வழக்கில், இருபது ஆண்டுகள் கழித்து அவளுடைய தோழி, கொன்றது தன் தந்தை ஜார்ஜ் ஃபிராங்க்ளின் என்று தனக்கு நினைவு வந்ததாகச் சொன்னார். 1990-இல் அவர் தண்டிக்கப்பட்டார். 1995-இல் அத்தீர்ப்பு ரத்தானது. மகள் சொன்ன விவரங்கள் பலவும் அன்றைய செய்தித்தாள்களிலேயே வெளியாகியிருந்தன. அந்த வழக்கில் ஃபிராங்க்ளின் தரப்புக்காகச் சாட்சி சொன்ன உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ், சிறுவயதில் வணிக வளாகத்தில் தொலைந்துபோனதாக ஒரு பொய்ச் சம்பவத்தைக் குடும்பத்தார் மூலம் சொல்லிவைத்து ஆய்வு நடத்தினார். இருபத்து நான்கு பேரில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கினர் அதை முழுவதுமாகவோ ஓரளவோ 'நினைவுகூர்ந்தனர்'.

நினைவு என்பது பதிவு நாடாவைத் திரும்ப ஓட்டுவதாக இருந்தால் நாவலாசிரியருக்கு வேலை எளிது. ஒவ்வொரு முறை நினைக்கும்போதும் அது கொஞ்சம் புதிதாகக் கட்டப்படுகிறது என்பதே உண்மை. அதை ஏற்றுக்கொண்டு எழுதப்பட்ட நாவல்களில் கதைசொல்லியின் நினைவையே நாம் சந்தேகிக்க வேண்டிவருகிறது. கடைசி அத்தியாயத்தில் கண்ணை மூடியதும் கொலைக்காட்சி முழுதாகத் திரும்பிவரும் நாவலை, தன்னம்பிக்கை இல்லாத ஆசிரியரின் வேலையாகவே பார்க்கிறேன்.

கொடுமையான இளமைப்பருவம் ஒருவரைக் கொலைகாரராக்குமா?

இந்த வகை நாவல்களின் மிகப் பழைய சோம்பல் இதுதான். கொலையாளியைப் பிடித்ததும் இரண்டு பக்கத்தில் குடிகாரத் தந்தை, இருட்டறை, பெல்ட் அடி என்று ஒரு பட்டியல் வரும்; காரணம் சொல்லியாகிவிட்டது என்று ஆசிரியர் நிம்மதியடைவார். கேத்தி ஸ்பாட்ஸ் விடம் என்னும் அமெரிக்க ஆய்வாளர், சிறுவயதில் கொடுமைக்கோ புறக்கணிப்புக்கோ ஆளானதாக நீதிமன்றப் பதிவுகளில் இருந்த 908 பேரைப் பின்தொடர்ந்து 1989-இல் முடிவுகளை வெளியிட்டார். அவர்களில் 26 சதவீதத்தினர் சிறாராக இருந்தபோதே ஏதேனும் ஒரு குற்றத்துக்காகப் பிடிபட்டிருந்தனர். ஒப்பீட்டுக் குழுவில் அது 17 சதவீதம். வேறுபாடு உண்மையானது, அலட்சியப்படுத்தத் தக்கதல்ல. ஆனால் மீதி 74 சதவீதத்தினரைப் பற்றி நாவல்கள் எழுதப்படுவதில்லை.

பழைய காயம் ஒருவருடைய தேர்வுகளை நெருக்குகிறது, அவர் அஞ்சும் இடங்களை மாற்றுகிறது, யாரை நம்புவார் என்பதைத் தீர்மானிக்கிறது. நல்ல சஸ்பென்ஸ் நாவலில் அந்தக் காயம் கொலையாளியிடம் இருப்பதைவிட, விசாரிப்பவரிடமோ தப்பிப்பிழைத்தவரிடமோ இருக்கும்போது அதிகம் வேலை செய்கிறது. மனநோயைக் காரணமாகக் காட்டுவது இன்னும் மோசம். கடுமையான மனநோய் உள்ளவர்கள் வன்முறைக்கு ஆளாகும் சாத்தியமே பெரிது.

சிறுவயதில் கொலை செய்தவர் பெயரை மாற்றிக்கொண்டு புதுவாழ்வு வாழ்வது நடக்கக்கூடியதா?

நடந்திருக்கிறது, அதுவும் ஒரு குற்றப்புனைவு ஆசிரியரின் வாழ்க்கையிலேயே. 1954-இல் நியூசிலாந்தின் கிரைஸ்ட்சர்ச்சில் பதினைந்து வயது ஜூலியட் ஹியூம், தன் தோழியோடு சேர்ந்து தோழியின் தாயைக் கொன்றார். வயது காரணமாக மரண தண்டனை இல்லை. ஏறத்தாழ ஐந்து ஆண்டுகள் சிறை. விடுதலையான பின் ஆன் பெர்ரி என்று பெயர் மாற்றிக்கொண்டவர், 1979-இல் முதல் நாவலை வெளியிட்டு, விக்டோரிய காலத்து லண்டனைக் களமாகக் கொண்ட குற்றக்கதைகளால் புகழடைந்தார். அந்த வழக்கைப் பற்றிய திரைப்படம் ஒன்று 1994-இல் வெளிவந்தபோது ஒரு செய்தியாளர் அவரை அடையாளம் கண்டார். அதன் பிறகும் எழுதினார், 2023-இல் இறந்தார்.

1990-இல், அதாவது உண்மை வெளியாவதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு, அவர் ஒரு புதிய துப்பறிவாளரை அறிமுகப்படுத்தினார். விபத்தில் நினைவிழந்த அந்த அதிகாரி தான் எப்படிப்பட்டவன் என்று பிறரிடமிருந்து கேட்டறிய வேண்டியிருக்கிறது. தான் விசாரிக்கும் கொலையைத் தானே செய்திருப்போமோ என்று நடுங்குகிறான். அந்த நாவலை 1994-க்கு முன் படித்தவர்களுக்கு அது ஒரு நல்ல உத்தி. பின் படித்தவர்களால் அப்படி மட்டும் படிக்க முடியவில்லை. ஆசிரியரின் வாழ்க்கையைக் கதையில் தேடுவது பொதுவாக நல்ல பழக்கமல்ல என்றாலும், இங்கே அதைத் தவிர்ப்பது கடினம்.

இந்தியாவில் 2015-ஆம் ஆண்டு சிறார் நீதிச் சட்டம், சட்டத்துடன் முரண்பட்ட, அதாவது குற்றம் செய்ததாகக் கூறப்படும், சிறுவரின் பெயர், முகவரி, பள்ளி உள்ளிட்ட அடையாளங்களை ஊடகங்கள் வெளியிடுவதைத் தடைசெய்கிறது. மீறினால் ஆறு மாதம் வரை சிறையோ இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்கலாம். பதினாறு வயதைக் கடந்து, கொடுங்குற்றத்துக்காக வயது வந்தவராக விசாரிக்கப்பட்டவர்கள் தவிர மற்றவர்களுக்கு அந்தக் குற்றம் பிற்காலத்தில் தகுதியிழப்பாக அமையாது. 'பதினான்கு வயதில் நீ செய்தது ஊருக்குத் தெரிந்தால்' என்று மிரட்டும் வில்லன் தானும் சட்டத்தை மீறுகிறான் என்பதைக் கதாசிரியர் பயன்படுத்திக்கொள்ளலாம்.

பிறருடைய கடந்த காலத்தை வைத்துப் பணம் பறிப்பவர் கொல்லப்படுவது நம்பத்தக்கதா, வெறும் சூத்திரமா?

சூத்திரம்தான், ஆனால் சென்னையே அதற்கு ஓர் உதாரணம் வைத்திருக்கிறது. சி. என். லட்சுமிகாந்தன் 1940-களில் 'சினிமா தூது', பின்னர் 'இந்து நேசன்' ஆகிய இதழ்களில் திரைத்துறையினரின் அந்தரங்கங்களை எழுதினார். எழுதாமல் இருக்கப் பணம் பெற்றார் என்றும் குற்றம்சாட்டப்பட்டது. அவரே மோசடி வழக்கில் தண்டனை அனுபவித்தவர். 1944 நவம்பரில் வேப்பேரியில் ரிக்‌ஷாவில் சென்றபோது கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் இறந்தார். எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் 1945-இல் தண்டிக்கப்பட்டு, லண்டனில் இருந்த உச்ச மேல்முறையீட்டு மன்றமான பிரிவி கவுன்சில் வரை சென்ற மேல்முறையீட்டின் பயனாக 1947-இல் விடுதலையானார்கள். உண்மையில் கொன்றவர் யார் என்பது இன்றும் தீராத கேள்வி.

நாவலாசிரியர்கள் இதில் கவனிக்க வேண்டியது சந்தேகத்தின் பரப்பு. பணம் பறிப்பவர் இறந்தால் அவருடைய பட்டியலில் இருந்த அத்தனை பேருக்கும் காரணம் இருக்கும். காரணம் இருப்பதையே ஆதாரமாக எடுத்துக்கொண்டால் தீர்ப்பு எவ்வளவு தூரம் பிறழக்கூடும் என்பதற்கு அந்த நட்சத்திரங்களின் சிறையாண்டுகளே சாட்சி.

கடைசி அத்தியாயத்தில் இன்ஸ்பெக்டரிடம் கொலையாளி எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிறாரே, அது நீதிமன்றத்தில் செல்லுமா?

செல்லாது. காவல் அதிகாரியிடம் அளிக்கும் ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம்சாட்டப்பட்டவருக்கு எதிராக நிரூபிக்க முடியாது என்பது 1872-ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்திலேயே இருந்தது. அதன் இடத்துக்கு வந்த பாரதிய சாக்ஷிய அதிநியத்தின் 23-ஆம் பிரிவும் அதையே சொல்கிறது. அந்த வாக்குமூலத்தின் விளைவாகக் கத்தியோ நகையோ கண்டெடுக்கப்பட்டால், கண்டெடுப்போடு தொடர்புடைய பகுதி மட்டும் ஏற்கப்படும். மாஜிஸ்திரேட் முன் தாமாக அளிக்கும் வாக்குமூலம் வேறு.

வேடிக்கை என்னவென்றால், போலீஸ் அல்லாத தனியார் துப்பறிவாளரிடமோ வழிப்போக்கரிடமோ ஒருவர் தாமாக ஒப்புக்கொண்டது சாட்சியமாக ஏற்கத்தக்கது. வலிமை குறைந்த சாட்சியம் என்பதால் நீதிமன்றம் துணை ஆதாரம் தேடும். ஆக, நம்முடைய பழைய துப்பறியும் கதைகளில் இன்ஸ்பெக்டரை வெளியே நிறுத்திவிட்டுத் தனியார் துப்பறிவாளர் கொலையாளியிடம் பேச்சுக் கொடுப்பது, சட்டப்படி அவ்வளவு அபத்தமல்ல.

தமிழ் வார இதழ்த் தொடர்களிலும் மாத நாவல்களிலும் பழைய குற்றம் எப்படிக் கையாளப்பட்டது?

வடிவமே வழி காட்டியது. 1968-இல் குமுதத்தில் வந்த சுஜாதாவின் 'நைலான் கயிறு' தொடரில், கொலை விசாரணைக்கு நடுவே ஒரு பெண்ணின் டைரிக் குறிப்புகள் இடைமறிக்கும். கடந்த காலம் கதைக்குள் தனிக்குரலில் பேசியது. ராஜேஷ்குமாரின் நாவல்கள் பலவற்றில் தொடர்பற்றவை போலத் தோன்றும் இரு கதைகள் அத்தியாயம் மாற்றி அத்தியாயம் ஓடி முடிவில் சந்திக்கின்றன. பேருந்துப் பயணத்தில் படித்து முடிக்க வேண்டிய நூறு பக்க நாவலுக்கு இது நல்ல ஏற்பாடு. பக்கக் குறைவின் விலை, கடந்த காலம் பல நேரங்களில் கடைசி நான்கு பக்கங்களில் ஒரே மூச்சில் சொல்லித் தீர்க்கப்படுவது.

உண்மையில் நடந்த குற்றத்தைப் பெயர் மாற்றி நாவலாக எழுதலாமா?

எழுதலாம், ஆனால் பெயரை மட்டும் மாற்றினால் போதாது. படிப்பவர்களால் ஆளை அடையாளம் காண முடிந்தால் அவதூறு வழக்குக்கு வழியுண்டு. இறந்தவரைப் பற்றி எழுதினாலும், உயிரோடு இருந்திருந்தால் அவருடைய பெயருக்குக் கேடாகும் செய்தியை, குடும்பத்தாரின் மனத்தைப் புண்படுத்தும் நோக்கத்துடன் எழுதியிருந்தால், அது அவதூறாகலாம் என்று இந்தியக் குற்றவியல் சட்டம் கூறுகிறது. பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவரின் அடையாளத்தை வெளிப்படுத்துவது தனிக்குற்றம். நீதிமன்ற ஆவணங்களில் உள்ளவற்றுக்குப் பாதுகாப்பு அதிகம். ஆசிரியர் கற்பனையாகச் சேர்க்கும் கள்ள உறவுக்கும் பேராசைக்கும் அந்தப் பாதுகாப்பு கிடையாது. நடைமுறையில், வழக்கிலிருந்து ஒரு சூழ்நிலையை மட்டும் எடுத்துக்கொண்டு ஊர், உறவுமுறை, தொழில், முடிவு ஆகிய நான்கையும் மாற்றிவிடுபவர்களுக்குச் சிக்கல் குறைவு. கதையும் பெரும்பாலும் அதனால் மேம்படுகிறது.